நிதானம் வென்ற பந்தயம்



வேகம் என்றதும் உள்ளந் துள்ளும் பருவத்தினர் நீங்கள். ஆதலின் வேகத்தையே தொழிலாகக் கொண்ட ஒருவரைப் பற்றிச் சொல்ல விரும்புகின்றேன். அவர், 1945 இல் பெல்ஜியத்திற் பிறந்த ஜாக்கி இக்ஸ்.

பிரான்சின் லு மான் நகரிலே 24 மணி நேர மோட்டார்ப் பந்தயம் நடைபெறுவதுண்டு. சாரதிகள் வீதியைக் குறுக்கே ஓடிக் கடந்து, காரிலேறிப் புறப்படுவது அக்கால வழக்கம். அவசரத்தில் ஆசனப் பட்டியை ஒழுங்காகப் பூட்டாமலே பலர் விரைவர்.

1969 இல் இக்ஸ் ஓடவில்லை. அம்முறையைக் கண்டித்து மெல்ல நடந்தார். பட்டியைப் பூட்டிக்கொண்டு, எல்லார்க்கும் கடைசியாகப் புறப்பட்டார். முதற் சுற்றிலேயே ஜோன் வூல்ஃப் என்னுஞ் சாரதி, காரினின்றுந் தூக்கியெறியப்பட்டு மாண்டார். மறுநாள் இக்ஸும் அவர் கூட்டாளி ஜாக்கி ஒலிவரும் ஏறத்தாழ 120 மீற்றர் முந்தி வெற்றி பெற்றனர். அடுத்த ஆண்டே அவ்வோட்டம் கைவிடப்பட்டது.

1982 வரையில் இக்ஸ் அங்கு ஆறு முறை வென்றார். 2005 வரை அதனை விஞ்சியவர் எவருமிலர்.

இளைஞர்களே, எல்லாரும் ஓடும்போது தனித்து நடப்பதற்கும் வீரம் வேண்டும். வாகனத்திலேறும் போதெல்லாம் அந்நடையை நினைவிற் கொள்ளுங்கள். வீட்டில் உங்களுக்காகக் காத்திருப்போர் உளர்.