கதிர் அறுக்க இயந்திரம் வந்தது. சாக்கடைக்கு ஏன் வரவில்லை?

(மாணவர் படிப்பு வட்டக் கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



தொழில்நுட்பம் பொருளாதாரத்தையும் சந்தையையும் எப்படி மாற்றுகிறது என்று பேசச் சொல்லியிருக்கிறீர்கள். இந்தத் தலைப்பில் இப்போது யார் பேசினாலும் செயற்கை நுண்ணறிவில் தொடங்கி அதிலேயே முடிக்கிறார்கள். நான் இரண்டு பழைய இயந்திரங்களைப் பற்றிப் பேசுகிறேன். ஒன்று வயலில் நெல் அறுக்கிற இயந்திரம். இன்னொன்று பாதாளச் சாக்கடையில் அடைப்பு எடுக்கிற இயந்திரம். முதலாவது காவிரி டெல்டாவின் ஒவ்வொரு ஊருக்கும் வந்துவிட்டது. இரண்டாவது இன்னும் பாதி வழியில் நிற்கிறது. இரண்டுமே கடினமான தொழில்நுட்பம் இல்லை. பிறகு ஏன் ஒன்று வந்தது, மற்றது வரவில்லை? இந்த ஒரு கேள்விக்கு விடை தேடினால் சந்தை எப்படி இயங்குகிறது என்பது நமக்குப் புரிந்துவிடும்.

பொருளாதாரப் பாடநூல் என்ன சொல்கிறது? புதிய இயந்திரம் வந்தால் செலவு குறையும், செலவு குறைவதால் சந்தை அதை ஏற்றுக்கொள்ளும் என்கிறது. சரிதான். ஆனால் எதைவிடச் செலவு குறைய வேண்டும்? மனித உழைப்பைவிட. அப்படியானால் மனித உழைப்பின் விலை என்ன என்பதைப் பொறுத்துத்தான் இயந்திரம் வரும். இங்கிலாந்தில் தொழிற்புரட்சி ஏன் முதலில் நடந்தது என்று ஆராய்ந்த ராபர்ட் ஆலன் என்ற பொருளாதார வரலாற்றாளர், அங்கே கூலி அதிகமாகவும் நிலக்கரி மலிவாகவும் இருந்ததை முக்கியக் காரணமாகச் சொல்கிறார். ஆள் கூலி அதிகம் என்பதால் இயந்திரம் லாபமாக இருந்தது. ஆள் மலிவாகக் கிடைத்த நாடுகளில் அதே இயந்திரத்துக்குத் தேவை எழவில்லை.

நம் நாட்டில் ஆள் மலிவு என்பதைச் சந்தை மட்டும் தீர்மானிப்பதில்லை. சாதி தீர்மானிக்கிறது. இன்ன வேலையை இன்னார் செய்ய வேண்டும், இன்ன கூலிக்குச் செய்ய வேண்டும், மறுத்தால் இன்னது நடக்கும் என்று பிறப்பிலேயே எழுதி வைத்த சமூகம் இது. சாதி என்பது வேலைப் பிரிவினை மட்டுமன்று, வேலை செய்பவர்களையே பிரித்து வைப்பது என்று அண்ணல் அம்பேத்கர் 1936-இலேயே விளக்கினார். அந்தப் பிரிவினைக்கு ஒரு பொருளாதாரப் பயன் உண்டு. சில மனிதர்களின் உழைப்பை அது நிரந்தரத் தள்ளுபடி விலையில் வைத்திருக்கிறது.

முதலில் வயலுக்குப் போவோம்.

1960-இல் தீவிர வேளாண் மாவட்டத் திட்டத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட மாவட்டங்களில் தஞ்சாவூரும் ஒன்று. அறுபதுகளின் நடுவில் ஏ.டி.டி.27 என்ற புதிய நெல் ரகம் வந்தது. கூடவே ரசாயன உரமும் பம்புசெட்டும் பரவின. விளைச்சல் கூடியது, விற்பனைக்குப் போகிற நெல் கூடியது. நிலமற்ற கூலித் தொழிலாளர்கள், அவர்களில் மிகப் பெரும்பாலோர் தலித்துகள், கூடுதலாக விளைந்ததில் தங்களுக்கும் ஒரு பங்கு கேட்டார்கள். அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்டார்கள். நிலவுடைமையாளர்கள் வெளியூர் ஆட்களை இறக்கினார்கள். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டார்கள். வழக்கு உயர் நீதிமன்றத்துக்குப் போனபோது, இவ்வளவு நிலமும் வசதியும் உள்ளவர்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை என்ற ரீதியில் எழுதி நிலவுடைமையாளர்களை விடுவித்தார்கள். முதல் குற்றவாளியிடம் கார் இருந்தது என்பதையும் அந்தத் தீர்ப்பு குறிப்பிடுகிறது. புதிய தொழில்நுட்பம் விளைச்சலைக் கூட்டித் தந்தது. கூடிய விளைச்சலை யார் எடுத்துக்கொள்வது என்பதைச் சாதியும் நிலவுடைமையும் முடிவு செய்தன.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. வெண்மணிக்குப் பிறகு கணபதியா பிள்ளை ஆணையம் அமைக்கப்பட்டது. 1969-இல் விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. செங்கொடிச் சங்கங்கள் ஊர் ஊராகப் போராடிக் கூலியை உயர்த்தின. அடுத்த தலைமுறை படித்தது. திருப்பூருக்கும் சென்னைக்கும் கேரளத்துக்கும் வேலை தேடிப் போனது. ரேஷன் அரிசி வந்தது, நூறு நாள் வேலை வந்தது. பண்ணையார் வீட்டு வாசலில் காலையில் போய் நிற்க வேண்டிய கட்டாயம் உடைந்தது. கூப்பிட்ட நேரத்துக்கு, கொடுத்த கூலிக்கு ஆள் வரவில்லை என்றானதும் என்ன நடந்தது? சேலம், ஆத்தூர்ப் பக்கமிருந்து அறுவடை இயந்திரங்கள் லாரியில் ஏறி வந்தன. காய்ந்த வயலுக்கு டயர் வண்டி, ஈர வயலுக்கு பெல்ட் வண்டி. ஒரு ஏக்கரை ஒன்றிரண்டு மணி நேரத்தில் அறுத்து, அடித்து, நெல்லாகக் கொட்டிவிடுகின்றன. இன்று டெல்டாவில் ஆள் வைத்துக் கதிர் அறுக்கும் வயலைத் தேடித்தான் பார்க்க வேண்டும்.

"இப்போதெல்லாம் ஆளே கிடைப்பதில்லை" என்று புலம்புகிறார்களே, அந்தப் புலம்பலின் பொருள் இதுதான்: ஒடுக்கப்பட்ட மக்கள் மறுக்கக் கற்றுக்கொண்டார்கள். மறுப்பு வந்த பிறகுதான் இயந்திரம் வந்தது.

இது நம் ஊருக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் பருத்தியை எடுத்துக்கொள்ளுங்கள். 1793-இல் எலி விட்னி பருத்தியிலிருந்து விதையைப் பிரிக்கிற இயந்திரத்தை உருவாக்கினார். வேலையைக் குறைக்கும் இயந்திரம் அது. அடிமை முறை குறைந்ததா? விதை பிரிப்பது எளிதானதால் பருத்தி பெரும் லாபப் பயிரானது. விளைவிக்கவும் பறிக்கவும் இன்னும் அதிக அடிமைகள் வேண்டும் என்றானது. 1790-இல் சுமார் 7 லட்சமாக இருந்த அடிமைகளின் எண்ணிக்கை 1860-இல் ஏறத்தாழ 40 லட்சமானது. பருத்தியைப் பறிக்கிற இயந்திரமோ 1940-களில்தான் தோட்டங்களுக்குள் நுழையத் தொடங்கியது. இடையில் கறுப்பின மக்கள் லட்சக்கணக்கில் தெற்கை விட்டு வடக்கு நகரங்களுக்குக் குடிபெயரத் தொடங்கியிருந்தார்கள். 1927-இல் மிசிசிப்பி ஆற்றில் பெருவெள்ளம் வந்தது. அந்த வெள்ளத்துக்குப் பிறகு கறுப்பினத் தொழிலாளர்கள் அதிகமாக வெளியேறிய பகுதிகளில்தான் நிலவுடைமையாளர்கள் மற்ற பகுதிகளைவிட விரைவாக இயந்திரத்துக்கு மாறினார்கள் என்று ஹார்ன்பெக், சுரேஷ் நாயுடு என்ற இரண்டு பொருளாதார ஆய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். மலிவான மனிதர்கள் போன பிறகு இயந்திரம் வந்தது. அங்கும் அதே பாடம்தான்.

இப்போது சாக்கடைக்கு வருவோம்.

கழிவை உறிஞ்சுகிற லாரியும், தண்ணீரைப் பீய்ச்சி அடைப்பை உடைக்கிற கருவியும் நேற்று கண்டுபிடித்தவை இல்லை. மேலை நாடுகளில் அரை நூற்றாண்டுக்கும் மேலாகப் பயன்பாட்டில் இருக்கின்றன. நம் நாட்டில் சட்டமும் இருக்கிறது. 1993-இல் ஒரு சட்டம், 2013-இல் இன்னொரு சட்டம். 2013 சட்டம் பாதுகாப்பில்லாமல் ஒருவரைச் சாக்கடைக்குள் இறக்குவதைக் குற்றமாக்குகிறது. முதல் முறைக்கே இரண்டு ஆண்டு வரை சிறை உண்டு. அதன் 33-ஆவது பிரிவு, சாக்கடை சுத்தம் செய்யத் தகுந்த தொழில்நுட்பத்தைப் பயன்படுத்துவது உள்ளாட்சிகளின் கடமை என்றே சொல்கிறது. 'மேன்ஹோல்' என்ற சொல்லை 'மெஷின்ஹோல்' என்று மாற்றப்போவதாகவும் ஒன்றிய அரசு அறிவித்தது. பெயருக்கு முன்னால் இருந்த மனிதனை எடுத்துவிட்டார்கள். குழிக்குள் இருக்கும் மனிதன் அப்படியே இருக்கிறான். 1993-க்குப் பிறகு பதிவான சாக்கடை, மலக்குழி மரணங்களில் நாட்டிலேயே முதல் இடத்தில் இருப்பது தமிழ்நாடு. பெரியார் மண் என்று சொல்லும்போதெல்லாம் இதையும் நாம் சேர்த்தே சொல்ல வேண்டும்.

ஏன் இயந்திரம் வரவில்லை? சந்து குறுகல், வண்டி நுழையாது என்பார்கள். ஹைதராபாத்தில் 2017-இல் குறுகிய சந்துகளுக்கென்றே சிறிய வண்டிகளைத் தயாரிக்க வைத்து 70 வண்டிகளை இறக்கினார்கள். கேரளத்து இளம் பொறியாளர்கள் 'பேண்டிகூட்' என்ற ரோபோவையே செய்து 2018-இல் திருவனந்தபுரத்தில் இறக்கினார்கள். கேட்டால் கிடைக்கும் தொழில்நுட்பம்தான் இது. கேட்கத்தான் ஆளில்லை.

ஒப்பந்தப்புள்ளி எப்படி வேலை செய்கிறது என்று பாருங்கள். குறைந்த விலை கேட்பவருக்கு வேலை. ஒருவர் வண்டி வாங்கி, கடன் கட்டி, டீசல் போட்டு, ஓட்டுநருக்குச் சம்பளம் கொடுத்துக் கணக்குப் போடுகிறார். இன்னொருவர் ஒரு கயிறு, ஒரு வாளி, இரண்டு மனிதர்கள் என்று கணக்குப் போடுகிறார். இரண்டாமவர்தான் ஜெயிப்பார். தனியார் வீட்டு மலக்குழியிலும் இதே கணக்குதான். அந்த இரண்டு மனிதர்கள் ஏன் அவ்வளவு மலிவாகக் கிடைக்கிறார்கள்? ஒன்றிய அரசு சாக்கடை, மலக்குழித் தொழிலாளர்களைப் பற்றி எடுத்த கணக்கு 2024-இல் வெளியானது. கணக்கெடுக்கப்பட்ட சுமார் 38,000 பேரில் ஏறத்தாழ 69 விழுக்காட்டினர் பட்டியல் சாதியினர். பழங்குடியினரையும் பிற்படுத்தப்பட்டோரையும் சேர்த்தால் 92 விழுக்காடு. எந்தத் திறந்த சந்தையிலும் இப்படி ஒரு கணக்கு தானாக வராது.

செத்தால்? 2014-இல் உச்ச நீதிமன்றம் 10 லட்சம் ரூபாய் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. 2023 அக்டோபரில் அதை 30 லட்சமாக உயர்த்தியது. இந்த உத்தரவுகளுக்காகப் போராடியவர்களை வணங்குகிறேன். ஆனால் அந்தப் பணம் ஒப்பந்ததாரரின் பையிலிருந்து போகாதவரை அவருடைய கணக்கில் அது ஒரு செலவே இல்லை. தண்டனை வரை போன வழக்குகளும் மிக மிக அரிது. ஒரு தலித் உயிரின் விலை ஒப்பந்ததாரரின் ஏட்டில் பூஜ்யம் என்று இருக்கும்போது எந்த இயந்திரத்தாலும் அந்த விலையோடு போட்டி போட முடியாது. சாக்கடைக்கு இயந்திரம் வராததற்கு இதுவே காரணம்.

சரி, இயந்திரம் வந்துவிட்டால் எல்லாம் தீர்ந்துவிடுமா? தோழர்களே, இங்கே மறுபடியும் வயலுக்குப் போக வேண்டும். அறுவடை இயந்திரம் வந்தபோது முதுகு ஒடிகிற வேலை போனது, நல்லது. ஆனால் அந்த முதுகுக்குச் சொந்தக்காரியான பெண்ணின் கூலி நெல்லும் போனது. இயந்திரம் அவளுடையது இல்லை. நிலமும் அவளுடையது இல்லை. மிச்சமான செலவு நில உரிமையாளருக்கும் வண்டி உரிமையாளருக்கும் போனது. அவளுக்கு மிச்சமானது வேலையில்லாத நாட்கள்.

காந்தியாரைப் போல இயந்திரமே தீமை என்று அம்பேத்கர் சொல்லவில்லை. இயந்திரம் மனிதனுக்கு ஓய்வைத் தரும், ஓய்விலிருந்துதான் பண்பாடு பிறக்கும் என்று வாதிட்டார். பிழை இயந்திரத்தில் இல்லை, அதன் பலனைச் சிலருக்கு மட்டும் கொடுக்கிற சமூக அமைப்பில் இருக்கிறது என்றார். நாம் அங்கே நின்றுதான் பேச வேண்டும்.

உடைமை பற்றிய முயற்சிகள் இப்போது தொடங்கியிருக்கின்றன. 2019-இல் டெல்லியில் 200 வண்டிகள் இப்படிக் கடனுதவியுடன் தரப்பட்டன. சென்னையில் 2024 இறுதியில், தூய்மைப் பணியாளர்களையும் அவர்கள் குடும்பத்தாரையும் 213 கழிவுநீர் வாகனங்களுக்கு உரிமையாளர்களாக்கும் திட்டம் தொடங்கியது. அம்பேத்கர் பெயரிலான தொழில் திட்டத்தின் 35 விழுக்காடு மானியத்தோடு, ஏழு ஆண்டு ஒப்பந்தத்தோடு அது வந்திருக்கிறது. வரவேற்கிறேன். கூடவே கேட்கிறேன்: குடிநீர் வாரியம் மாதாமாதம் பணத்தைச் சரியாகக் கொடுக்குமா? கொடுக்கத் தவறினால் வங்கித் தவணையை யார் கட்டுவது? எட்டாவது ஆண்டில் என்ன? அதைவிடப் பெரிய கேள்வி: கழிவுநீர் வண்டிக்கு மட்டும் ஏன் இந்த மக்கள் உரிமையாளர்கள்? சாதித் தொழிலுக்கு மோட்டார் பூட்டிக் கொடுப்பது விடுதலை ஆகாது. அதே மானியமும் அதே உத்தரவாத ஒப்பந்தமும் குடிநீர் லாரிக்கும், சாலைப் பணிக்கும், மின்வாரிய வேலைக்கும் வேண்டும்.

ஆகவே நம் கோரிக்கைகளைச் சந்தையின் மொழியிலேயே வைப்போம். மனிதர் இறங்கினால் ஒப்பந்தம் ரத்து என்று ஒப்பந்தப்புள்ளியிலேயே எழுது. 30 லட்சத்தை இறக்கியவனிடமிருந்தே வசூலி. வழக்கை வன்கொடுமைச் சட்டத்தின் கீழும் பதிவு செய். இயந்திரத்தை இயக்குகிற வேலையை நிரந்தர அரசு வேலையாக்கு, இதுவரை குழிக்குள் இறங்கியவருக்கு அதில் முன்னுரிமை கொடு, அவர் பிள்ளைக்கு வேறு எந்த வேலைக்கும் போகிற கல்வியைக் கொடு.

உங்களில் பலர் பொறியியல் படிக்கிறீர்கள். உங்கள் ஊர் நகராட்சியில் எத்தனை கழிவுநீர் வண்டிகள் இருக்கின்றன, எத்தனை ஓடுகின்றன, கடைசி ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். பத்து ரூபாய்தான் செலவு. பதில் வந்ததும் அதை எடுத்துக்கொண்டு தூய்மைப் பணியாளர் குடியிருப்புக்குப் போய் அவர்களோடு உட்கார்ந்து படியுங்கள். டெல்டாவில் அறுவடை இயந்திரத்தை வரவழைத்தது கூலித் தொழிலாளர்களின் மறுப்பு. சாக்கடைக்குள் இறங்க மறுக்கிறவர் தனியாள் இல்லை, அவர் பின்னால் நாம் நிற்கிறோம் என்ற நிலையை உருவாக்குவது நம் வேலை.

ஜெய்பீம்.