ஹாரூன் மாட்டிய கண்ணாடி

வண்டியைக் கிளப்பும் முன் பின்பக்கம் பார்க்கும் கண்ணாடியைச் சரிசெய்கிறீர்களே, அதற்கு ஒரு கதை உண்டு.

1911. அமெரிக்காவின் இண்டியானாபோலிஸில் 500 மைல் கார் பந்தயம். அப்போதெல்லாம் ஓட்டுநர் பக்கத்தில் ஒரு மெக்கானிக்கும் உட்கார்ந்து போவார். பின்னால் யார் வருகிறார்கள் என்று திரும்பிப் பார்த்துச் சொல்வார், நம்ம ஊர் பஸ் கண்டக்டர் மாதிரி.

ரே ஹாரூன் மட்டும் தனி ஆளாக வந்தார். ஓட்டுநர், பொறியாளர், இரண்டும் அவரே. மற்றவர்கள் விடுவார்களா? பின்னால் பார்ப்பது யார் என்று சண்டைக்கு வந்தார்கள். ஹாரூன் ஒரு கண்ணாடியை மாட்டினார். குதிரை வண்டி ஒன்றில் முன்பு பார்த்த யோசனைதான். பந்தயத்தில் ஜெயித்தும் விட்டார்.

வேடிக்கை என்ன தெரியுமா? அது செங்கல் பாவிய தடம். கார் குலுங்கிய குலுக்கலில் கண்ணாடியில் எதுவுமே சரியாகத் தெரியவில்லையாம். பிற்பாடு அவரே சொன்னது!