டயஹான் காரல் அம்மையார்



அமெரிக்கக் கறுப்பின நடிகை டயஹான் காரல் அம்மையாரைக் குறித்து இன்று சில வார்த்தைகள் சொல்ல முற்படுகின்றோம். அவர் 1935-ம் வருஷம் நியூயார்க் நகரில் பிறந்தவர். தந்தையார் சுரங்க ரயிலில் கண்டக்டர், தாயார் நர்ஸ். இளமையிலேயே சங்கீதம் பயின்று, டெலிவிஷன் போட்டியில் பாடிப் பரிசு பெற்று, இரவு விடுதிகளிலே பாடகியாகப் பெயரெடுத்தார்.

அத்தகையவருக்குச் சினிமாவில் நேர்ந்தது விசித்திரமானது. 1954-ல் 'கார்மென் ஜோன்ஸ்', 1959-ல் 'போர்கி அண்ட் பெஸ்' ஆகிய இரண்டு சங்கீதப் படங்களில் நடித்தார். இரண்டிலும் வாய் அவருடையது, குரல் பிறருடையது. பின்னதில் அவருக்காகப் பாடியவர் ஒரு வெள்ளைக்கார மாது. பின்னணிப் பாட்டுக்குப் பழகிய நமக்கு இது பெரிதாகத் தோன்றாதிருக்கலாம். பாட்டே ஜீவனமாயிருந்தவருக்கு எப்படியிருந்திருக்கும்? நாடக மேடைதான் அக்குறையைத் தீர்த்தது. ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் அவரை மனத்தில் வைத்தே இயற்றிய 'நோ ஸ்டிரிங்ஸ்' நாடகத்தில் சொந்தக் குரலில் பாடி, 1962-ல் டோனி பரிசு பெற்றார். சங்கீத நாடகத்தின் சிறந்த நடிகை என அப்பரிசைப் பெற்ற முதற் கறுப்பின மாது அவரே.

டெலிவிஷனின் கதை வேறு. 1950-ல் தொடங்கிய 'பியூலா' தொடரில், புகழ்பெற்ற பாடகி எதெல் வாட்டர்ஸ் அம்மையாருக்கே வீட்டு வேலைக்காரி வேஷந்தான் கிடைத்தது. 1968-ல் வந்த 'ஜூலியா'வில் காரல் அம்மையார் நர்ஸ். வியட்நாம் யுத்தத்தில் கணவனை இழந்து மகனை வளர்க்கும் தாய். அதே வருஷந்தான் மார்ட்டின் லூதர் கிங் கொலையுண்டார், நகரங்கள் பற்றியெரிந்தன. ஏழைச் சேரிகளின் துயரம் இத்தொடரில் எங்கே, குடும்பத்தில் தகப்பன் எங்கே என்று கறுப்பினத்தாரே கேட்டனர். கேள்வி நியாயமே. ஆயினும் ஓர் இனத்தின் வாழ்க்கை முழுவதையும் அரை மணி நேர விகடத் தொடரில் ஒரு பெண் சுமக்கவேண்டுமென்பது நியாயமாகுமோ? வெள்ளையர் நடித்த எந்த விகடத் தொடரிடமும் எவரும் இதை எதிர்பார்க்கவில்லை. தொடர் 1971-ல் முடிந்தது.

1974-ல் 'கிளாடின்' படத்தில் அவர் ஆறு பிள்ளைகளின் தாயாக, சர்க்கார் உதவிப்பணம் பெறும் ஏழையாக, பிறர் வீட்டில் வேலை செய்பவளாக நடித்தார். ஆஸ்கார் பரிசுக்குப் பெயர் முன்மொழியப்பட்டது இவ்வேஷத்திற்கே. அம்மையார் 2019-ல் காலமானார். அப்படத்தில் ஒலிக்கும் பாட்டுக்களைப் பாடியவரும் அவரல்லர். கிளாடிஸ் நைட் குழுவினர்.