சரியாகிவிடும் என்றவர்கள்

படம் முடிந்து விளக்கைப் போட்டதும் எல்லோரும் கடைசிக் காட்சியின் ரத்தத்தைப் பற்றித்தான் பேசினீர்கள். எனக்கு அதில் அவ்வளவு அக்கறை இல்லை. மார்ட்டின் ஸ்கார்செஸி 1976இல் எடுத்த இந்த 'டாக்ஸி டிரைவர்' படத்தில் ரத்தத்துக்கு வெகுமுன்னால் ஒரு ராத்திரி வருகிறது. அதைத்தான் பேச வந்தேன்.

படத்தின் நாயகன் டிராவிஸுக்குத் தூக்கம் கிடையாது. இரவெல்லாம் நியூயார்க்கில் டாக்ஸி ஓட்டுகிறான். பின்சீட்டில் ஊரே ஏறி இறங்குகிறது. அவனை யாருக்கும் தெரியாது. அவன் ஒருமுறை வாய் திறக்கிறான். விஸார்ட் என்கிற மூத்த டிரைவரைத் தெருவோரமாகக் கூப்பிட்டு, மண்டைக்குள் விபரீதமான எண்ணங்கள் வருகின்றன என்கிறான். விஸார்ட் கெட்டவரா? இல்லவே இல்லை. தொழில், தலையெழுத்து என்று எதையெதையோ சொல்கிறார். போய்க் குடி, பெண்ணைத் தேடு, சரியாகிவிடும் என்கிறார். நாம் கொஞ்சம் மரியாதையாக, "ஒரு கால்கட்டு போட்டால் சரியாகிவிடும்" என்போம். அவ்வளவுதான் வித்தியாசம்!

அடுத்துத் துப்பாக்கி வாங்குகிறான். முதலில் குறிவைத்தது ஒரு ஜனாதிபதி வேட்பாளரை. அங்கே முடியாமல் ஓடிவந்து, அன்றிரவே ஒரு சிறுமியை விற்றுப் பிழைக்கும் கும்பலைச் சுடுகிறான். பத்திரிகைகள் அவனை வீரன் என்கின்றன. கோபம் அதேதான், ஆள்தான் மாறியது. இந்தக் கோபத்துக்கு விசிலடித்தே பழகிய நமக்கு அது உறைப்பதில்லை.

இந்தப் படத்தை எழுதிய பால் ஷ்ரேடர் அப்போது இளைஞர். மணவாழ்க்கை முறிந்து, காரிலேயே படுத்துக் கிடந்தவர். வயிற்றுப்புண்ணோடு ஆஸ்பத்திரிக்குப் போனார். நர்ஸிடம் பேசும்போதுதான், வாரக்கணக்கில் ஒருவரிடமும் பேசாதது அவருக்கே தெரிந்தது. டிராவிஸாகவே ஆகிவிடக் கூடாதென்றுதான் எழுதினேன் என்று பிற்பாடு சொன்னார்.

எழுதத் தெரியாதவன் என்ன செய்வான்? 1981 மார்ச் 30, வாஷிங்டன். இந்தப் படத்தில் சிறுமியாக நடித்த ஜோடி ஃபாஸ்டர் தன்னைத் திரும்பிப் பார்க்க வேண்டுமென்று, ஜான் ஹிங்க்லி என்ற 25 வயதுக்காரன் ஜனாதிபதி ரீகனைச் சுட்டான். விசாரணையில் ஜூரிகளுக்கு இந்தப் படத்தையே போட்டுக் காட்டினார்கள். படம்தான் அவனைக் கெடுத்தது என்று சொல்லிவிடுவது சுலபம். நான் ஒப்பமாட்டேன். அதே மாதத் தொடக்கத்தில் அவனுடைய அப்பா, மனநல மருத்துவரின் யோசனையை நம்பி, டென்வர் விமான நிலையத்தில் கையில் பணத்தைக் கொடுத்து, இனி வீட்டுக்கு வராதே, சொந்தக் காலில் நில் என்று அனுப்பியிருந்தார். திருந்துவான் என்றுதான். மறுவருடம் சாட்சிக் கூண்டில் நின்று, என் வாழ்க்கையில் நான் செய்த பெரிய தவறு அதுதான் என்று அந்த மனிதர் அழுதார்.