செத்துப்போன பறவைதான் காவல் நிக்குது

இன்னிக்கு மொரீஷியஸ் நாட்டோட அரசுச் சின்னத்தைக் கொஞ்சம் உத்துப் பார்க்கப்போறோம். முடிஞ்சா போன்ல அந்தப் படத்தைத் திறந்து வச்சுக்கிட்டுக் கேளுங்க.

நடுவுல ஒரு கேடயம், அதுல நாலு கட்டம். கப்பல், பனை மாதிரி மூணு மரம், சாவி, நட்சத்திரம். கடைசி ரெண்டுக்கும் விளக்கம் கீழேயே லத்தீன்ல இருக்கு: 'இந்தியப் பெருங்கடலின் நட்சத்திரமும் சாவியும்'. ஐரோப்பாவிலிருந்து இந்தியாவுக்கு வந்த கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுத்தி வந்த காலத்துல, தீவு யார் கையிலயோ அவங்க கையிலதான் கடல்பாதை. ஆனா 1906ல இந்தச் சின்னம் வந்தப்போ சூயஸ் கால்வாய் திறந்து 37 வருஷம் ஆயிடுச்சு. சாவி கொஞ்சம் துருப்பிடிச்ச சாவிதான்!

எனக்குக் கேடயத்தைவிட, அதை ரெண்டு பக்கமும் தாங்கி நிக்கிறவங்க மேலதான் கண்ணு. ஒரு பக்கம் டோடோ. அந்தத் தீவைத் தவிர உலகத்துல வேற எங்கயும் இருந்ததில்ல. பறக்கத் தெரியாது, தரையிலதான் கூடு. 1598ல டச்சுக்காரங்க வந்து இறங்கினாங்க. அவங்க கப்பல்ல வந்த எலி, பன்றி, குரங்கெல்லாம் முட்டையைத் தின்னு தீர்த்துச்சு. சுமார் நூறு வருஷத்துல ஒண்ணுகூட மிச்சமில்ல. இன்னொரு பக்கம் மான். அது 1639ல அதே டச்சுக்காரங்க ஜாவாவிலிருந்து கொண்டுவந்து விட்டது. அழிஞ்ச உள்ளூர்ப் பறவையும் வெளியூர் மானும் சேர்ந்து ஒரு நாட்டைத் தாங்குது.

ரெண்டு பேர்கிட்டயும் ஆளுக்கொரு கரும்பு இருக்கும், கவனிச்சீங்களா? அதுவும் டச்சுக்காரங்க கொண்டுவந்ததுதான். ஆப்பிரிக்காவிலிருந்தும் மடகாஸ்கர்லயிருந்தும் பிடிச்சுட்டு வந்த அடிமைகள் அதை வெட்டினாங்க. அடிமை முறை முடிவுக்கு வந்த சமயத்துல, 1834லிருந்து இந்திய ஒப்பந்தக் கூலிகள் வந்தாங்க. மொத்தம் கிட்டத்தட்ட அஞ்சு லட்சம் பேர். சென்னையிலிருந்து கப்பலேறிய தமிழர்களும் அதுல உண்டு. போர்ட் லூயிஸ்ல அவங்க ஏறி வந்த கல் படிக்கட்டு இன்னும் இருக்கு. அந்த இடம், அப்ரவாசி காட், யுனெஸ்கோ பட்டியல்ல இருக்கு. சின்னத்துல கரும்பு மட்டும்தான் இருக்கு, வெட்டின கை இல்ல.

1968ல சுதந்திரத்தோட புதுக் கொடி வந்துச்சு. பிரிட்டிஷ் மன்னர் ஏழாம் எட்வர்ட் காலத்துச் சின்னம் மட்டும் அப்படியே தொடருது. மாத்தணும்னு நான் சொல்ல வரல. அந்தத் தீவுல ஆதிகுடின்னு யாரும் கிடையாது, எல்லாருமே வெளியிலிருந்து வந்தவங்கதான். 'மண்ணின் மைந்தன்'னு உரிமை கொண்டாட அங்க தகுதி இருந்தது டோடோவுக்குத்தான்.

அடுத்த எபிசோட்ல அந்தக் கரும்புத் தோட்டத்துக்குள்ள போவோம்.