மணவிருந்தினர் தங்குஞ் செலவு

(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சென்ற கூட்டத்தின் முடிவில் அங்கத்தினர் ஒருவர் நம்மை அணுகி, “ஐயா, பெண்ணுக்கு ஆவணியில் முகூர்த்தம் வைத்திருக்கிறது. வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கெல்லாம் லாட்ஜ் வாடகை நாமே கொடுத்துத் தீர வேண்டுமா?” என்று வினவினார். அன்று நாம் விடை கூறாது நின்றோம். கூசியதற்குக் காரணம் உண்டு. அதனைப் பின்னர்ச் சொல்லுவோம்.

நம் பாட்டனார் காலத்தில் இவ்வினா எழுதற்கு இடமில்லை. மணம் மணமகளின் இல்லத்திலேயே நிகழ்ந்தது. வாயிலிற் பந்தல், எதிர்வீட்டுத் திண்ணையும் அண்டை வீட்டுக் கூடமும் வந்தோர்க்குப் படுக்கை. தெருவார் ஜமக்காளமும் தலையணையும் கேளாமலே கொணர்ந்தனர். உறவில்லாத வழிப்போக்கர்க்கோ சத்திரங்கள் இருந்தன. 1798 முதல் 1832 வரை தஞ்சையை ஆண்ட இரண்டாம் சரபோஜி மன்னர் ஒரத்தநாட்டில் எடுப்பித்த முத்தாம்பாள் சத்திரம் அவ்வகையினது. இக்காலத்திலோ மணம் மண்டபத்திற்குச் சென்றுவிட்டது. ஆங்குள்ள சில அறைகள் மணமக்களுக்கும் அவர்தம் பெற்றோர்க்குமே போதா. ஆடியும் மார்கழியும் ஒழிந்த திங்கள்களில் நன்னாட்கள் சிலவேயாதலின், ஒரே நாளில் ஓரூரிற் பல மணங்கள் கூடுகின்றன. விடுதி அறை கிடைப்பது அரிதாகிறது, வாடகையும் ஏறுகிறது.

‘விருந்து’ என்னுஞ் சொல்லுக்குப் புதுமை என்பதே முதற்பொருள். முன்பின் அறியாது புதிதாக வந்தவரே விருந்தினர், உறவினர் வேறு. எனினும், இன்று நாம் அழைப்பிதழ் கொடுத்து வரவழைக்கும் உறவினர் தம் ஊரையும் வீட்டையும் விட்டு, அறியாத தெருவில், பெட்டியுங் குழந்தையுமாக நிற்கும்பொழுது, அவரும் அப்பழைய பொருளில் விருந்தினரே ஆகிவிடுகின்றனர்.

இனி, கூசிய காரணத்தைக் கூறுவோம். சில ஆண்டுகட்கு முன் கும்பகோணத்தில் நம் தமக்கை மகளின் திருமணம் நிகழ்ந்தது. நாம் தாய்மாமன் ஆதலின் விடுதிப் பொறுப்பு நம்பால் விடப்பட்டது. ஒரு விடுதியில் 14 அறைகள் பேசி, எவர்க்கு நாம் கொடுப்பது, எவர் தாமே கொடுப்பது என்று பட்டியல் எழுதி எழுத்தரிடம் கொடுத்தோம். கொடுப்பதென்று எழுதிய பெயர்கள் யாவை? உத்தியோகத்திலும் செல்வத்திலும் உயர்ந்தோர் பெயர்கள்! அவர்கள் மனம் நோகலாகாது என்பது நம் கணக்கு. பின்னலாடை ஆலையில் வேலை செய்யும் நம் சிற்றப்பா மகன், நமக்கு இளையவர், அவர் பெயர் மற்றைப் பட்டியலில் இருந்தது. அவர் இரவு 9 மணிக்கு மனைவியோடும் இரு குழந்தைகளோடும் வந்தார். எழுத்தர் 1,600 ரூபாய் கேட்டார். “சிறிது பொறுங்கள், வருகிறோம்” என்று சொல்லிச் சென்றவர், பேருந்து நிலையத்துப் பலகையில் இரவைக் கழித்துவிட்டு, விடியலில் மண்டபத்திற்கு வந்து, சிரித்த முகத்தோடு 1,001 ரூபாய் மொய் எழுதி, உண்டு சென்றார். நமக்கு ஒன்றுந் தெரியாது. பல திங்கள் கழித்து, அவர் மனைவி நம் இல்லாளிடம், “லாட்ஜுக்குக் கொடுத்துவிட்டால் மொய்க்கு இருக்காது அக்கா, மொய் எழுதாமல் எப்படி எழுந்து வருவது?” என்று கூறினாளாம். அவ்விரவு நாம் உறங்கவில்லை.

அன்பர்களே! முகூர்த்தம் காலை 4.30 முதல் 6 வரை என்று குறித்தவர் நாம். தொலைவிலிருந்து வருவோர் அன்று காலையிற் புறப்பட்டு அந்நேரத்திற்கு வந்து சேர இயலாது. ஆகவே, நாம் குறித்த நேரத்தினால் ஒருவர் வெளியூரில் ஓரிரவு கழிக்க நேருமாயின், அவ்விரவு நம்முடையது. மறுநாள் நவக்கிரகத் தலங்களைத் தரிசிக்க விரும்பித் தங்கினால், அந்த நாள் அவருடையது. மண்டபத்திற் பந்தி இருக்க அறைக்கு உணவு வரவழைத்தல், சலவை, வாடகைக் கார் ஆகியனவும் அவரவரைச் சார்ந்தனவே.

அற்றேல், பொருள் போதாதவர் என் செய்வது எனின், அறையின் தரத்தைக் குறைத்துக் கொள்க. ஆளைக் குறைத்தல் வேண்டா. 1,800 ரூபாய் வீதம் 20 அறைக்கு ஓரிரவு 36,000 ரூபாய். நாளொன்றுக்கு 7,500 ரூபாய்க்கு மேற்படாத அறைக்கு 2025 செப்டம்பர் 22 முதல் வரி 5 விழுக்காடு. அது 1,800 சேர்த்து 37,800. 1,200 ரூபாய் அறையாயின் 25,200. மிச்சம் 12,600 ரூபாய். மேடையிற் பூவைச் சிறிது குறைத்தால் எஞ்சியதிலும் ஒரு பகுதி கிடைக்கும். அனைவர்க்கும் ஒரே தரத்து அறை என்றால், எவர்க்கும் முகம் வாடாது.

மற்றொன்று. பல விடுதிகளில் நாள் என்பது நண்பகல் 12 முதல் மறுநாள் நண்பகல் 12 வரை; சிலவற்றிற் புகுந்த நேரத்திலிருந்து 24 மணி. இதனைக் கேட்டறியாது விட்டால், பந்தியில் உண்டு அயர்ந்து மாலை 3 மணிக்கு எழுவோர் ஒவ்வொருவர்க்கும் இரண்டாம் நாள் வாடகை நம் தலையில் விழும். இரவுப் பேருந்தில் வந்து விடியற்காலம் இறங்குவோர்க்குத் தனியறை வேண்டா. நீராடவும் உடைமாற்றவும் ஆடவர்க்கு ஓரறை, பெண்டிர்க்கு ஓரறை முன்னிரவே எடுத்து வைத்தால் இருபதின்மர்க்குப் போதும்.

மாப்பிள்ளை வீட்டார் தங்குஞ் செலவு முழுதும் பெண்ணின் தந்தையைச் சேர்ந்தது என்பது வழக்கமாய் வந்துவிட்டது. நாம் இதனை ஒப்புவதற்கில்லை. இருவீட்டுக்கும் பொதுவான மணத்தில் இரவும் பொதுவே. அதற்கு இசையாவிடினும், அறை இத்தனை என்பதை நிச்சயதார்த்தத்தன்றே எழுதிக்கொள்ளல் வேண்டும். பத்து என்று சொல்லிப் பதினாறு ஆனால், அவ்வாறு அறைக்கும் முகூர்த்த நாளில் எவ்விலைக்குப் பேசுவது? பெண்ணைப் பெற்றவர் அன்று பேரம் பேசும் நிலையிலா இருப்பார்?

திருவள்ளுவர் அன்புடைமையை 8ஆம் அதிகாரமாகவும், விருந்தோம்பலை 9ஆம் அதிகாரமாகவும், இனியவை கூறலை 10ஆம் அதிகாரமாகவும் அடுத்தடுத்து வைத்தார். அவ்வைப்பு முறையை எண்ணுந்தோறும் நம் தவறு இன்னதென்று விளங்குகிறது. நம் தம்பிக்கு முன்கூட்டி ஒரு சொல் சொல்லியிருந்தால் அவர் நம் அறையிலேயே படுத்திருப்பார். ஆதலின் அழைப்பிதழோடு, “தங்கள் குடும்பத்திற்கு முன்னாள் மாலை முதல் மணநாள் நண்பகல் வரை இன்ன விடுதியில் அறை எடுத்து வாடகையும் செலுத்தியுள்ளோம், மேலுந் தங்க விரும்பின் நாள் வாடகை இவ்வளவு” என்று நான்கு வரி எழுதி வைக்க. கைப்பேசியில் அனுப்பினும் குற்றமில்லை. முதியோர்க்கு மட்டும் நேரிற் சொல்லுக.

வினவிய அன்பரும் ஈண்டு வந்துள்ளார். அவர் தம் பட்டியலை உடன் கொணர்ந்திருப்பின், கூட்டம் கலைந்தபின் அருகமர்ந்து பார்த்துத்தர நாம் சித்தமாயிருக்கிறோம்.