பேரைச் சொல்ல முதல் இலையைப் பாருங்கள்



உயர்தர வகுப்பில் எங்கள் உயிரியல் ஆசிரியை ஒரு மஞ்சள் பூவை ஊசியால் பிரித்துக் காட்டினார். ஒரு பூ என்று நாங்கள் எண்ணியது பல சிறு பூக்களின் கூட்டம். சூரியகாந்திக் குடும்பத்தின் இலக்கணம் அது. "பேரைச் சொல்ல முதல் இலையைப் பாருங்க" என்பார்.

அந்தப் பூ பொற்றலைக் கையாந்தகரை. ஈரமான வரம்புகளிலும் வாய்க்கால் ஓரங்களிலும் படரும் நமது செடி. தாவரவியலில் ஸ்பக்னெற்றிகோலா என்னும் சாதியைச் சேர்ந்தது. முன்பு வெடேலியா என்றார்கள். ஈரல் நோய்க்கு நம் முன்னோர் கண்ட மூலிகை. 1956இல் சென்னை மாநிலக் கல்லூரியின் கோவிந்தாச்சாரி குழுவினர் இதிலுள்ள வெடேலோலக்ரோன் என்ற பொருளின் அமைப்பை வெளியிட்டார்கள்.

சில வருடங்களுக்கு முன் தோழிகள் நாங்கள் மாங்கேணிக்கு மருத்துவ முகாமுக்குப் போனோம். ஓர் ஆச்சி வேலியோரத்து மஞ்சள் பூவைக் காட்டி, "செங்கண்மாரிக்கு இதுதான் புள்ள மருந்து. பேரனுக்கு நாலு நாளாக் குடுக்கிறன்" என்றார்.

இலையைப் பார்த்தோம். தடித்துப் பளபளத்து, மூன்று மடலாக இருந்தது. நம் செடியின் இலை ஒடுங்கி நீண்டது, பூவும் சிறியது. இது அதே சாதியில் வேறோர் இனம். வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து அழகுக்காகக் கொண்டுவரப்பட்டு, உலகின் மிக மோசமான 100 ஆக்கிரமிப்பு இனங்களின் பட்டியலில் இடம்பிடித்தது.

பேரனைப் பார்த்தோம். வயலில் வேலை செய்தவர். காய்ச்சல், கெண்டைக்கால் நோவு, மஞ்சள் கண். எலிக்காய்ச்சல் என்று சந்தேகித்து அன்றே வைத்தியசாலைக்கு அனுப்பினோம். சிறுநீரகம் பழுதாகத் தொடங்கியிருந்தது. ஆனாலும் தப்பிவிட்டார்.

ஆச்சியில் பிழை சொல்ல எங்களுக்கு மனம் வரவில்லை. தன் தாய் கொடுத்ததைத்தான் அவரும் கொடுத்தார். வேலியோரத்துச் செடி மாறியது அவருக்குத் தெரியாது. சரியான செடியாக இருந்தாலும் எலிக்காய்ச்சலை அது மாற்றியிராது. செங்கண்மாரி தனியொரு நோயல்ல. ஈரல் அழற்சி, பித்தக்கல், எலிக்காய்ச்சல் எல்லாம் கண்ணை மஞ்சளாக்கும். எதுவென்று பாராமல் மருந்து கொடுப்பதும், இலையைப் பாராமல் செடிக்குப் பேர் சொல்வதும் ஒரே பிழைதான்.

நூற்றாண்டு நினைவாக ஒரு விண்ணப்பம். பாடசாலைக் கிணற்றடி ஈரத்தில் பொற்றலைக் கையாந்தகரையை நட்டுப் பெயர்ப்பலகை வைப்போம். மற்றதை நட வேண்டாம். அதன் இலையை உலர்த்தித் தாளில் ஒட்டி ஆய்வுகூடத்தில் வைப்போம். தங்கைமார் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்க்கட்டும்.